ஈடி (அமலாக்கத்துறை) அட்டாச் பண்ண லேஅவுட்ல என் சைட்டும் மாட்டிக்கிச்சு, என்ன பண்றதுன்னு தெரியல

பெருந்துறை_சைட்:

எல்லாருக்கும் வணக்கம்ங்க. கொஞ்சம் நீளமான போஸ்ட், பொறுமையா படிங்க. 2019ல பெருந்துறை பக்கம் ஒரு லேஅவுட்ல 3 சென்ட் சைட் வாங்கினேன். டிடிசிபி (நகர ஊரமைப்புத் துறை) அப்ரூவல் இருந்துச்சு, தாய்ப் பத்திரம் பாத்தேன், 30 வருஷத்துக்கு வில்லங்கம் போட்டேன், வக்கீல்கிட்ட லீகல் ஒப்பீனியனும் வாங்கினேன், எல்லாரும் சுத்தம்னு சொன்னாங்க. இப்ப வீடு கட்டலாம்னு பேங்க் லோனுக்குப் போனப்ப புதுசா ஈசி (வில்லங்கச் சான்று) கேட்டாங்க. ராத்திரி பதினோரு மணிக்கு மொபைல்லயே டவுன்லோட் பண்ணிப் பாக்கறேன், என் கிரயத்துக்குக் கீழ ஒரு வரி புதுசா ஏறியிருக்கு. அமலாக்கத்துறை, தற்காலிக முடக்கம், சர்வே நம்பர், மொத்த லேஅவுட்டும். பொண்டாட்டிய எழுப்பல. காலைல வரைக்கும் அந்த ஒரே பக்கத்த பெருசு பண்ணிப் பெருசு பண்ணிப் பாத்துட்டு உக்காந்திருந்தேன்.

விசாரிச்சதுல, எனக்கு வித்த பார்ட்டி டெபாசிட் வாங்கி ஏமாத்துன கேஸ்ல இருக்காராம். 2020ல பொருளாதாரக் குற்றப் பிரிவுல எஃப்ஐஆர், அதுக்கப்புறம் ஈடி உள்ள வந்திருக்கு, முடக்க உத்தரவு போட்டு இப்பதான் ரெண்டு மாசம் ஆகுது. எனக்கு ஒரு லெட்டர்கூட வரல. போய்ப் பாத்தா சைட்டு வாசல்ல இருக்கற இபி போஸ்ட்டுல நோட்டீஸ் ஒட்டியிருந்தாங்க, மழைல நனைஞ்சு பாதி கிழிஞ்சு போச்சு, கீழ இருக்கற கையெழுத்து மட்டும் தெரியுது.

நான் திருடல, யாரையும் ஏமாத்தல. என் சைட்ட எப்படிங்க முடக்கலாம்? தெரிஞ்சவங்க சொல்லுங்க.

வாய்தா_வக்கீல்:

முதல்ல பதட்டப்படாதீங்க, ஆனா நாளைக் கடத்தாதீங்க, ரெண்டும் முக்கியம். நீங்க கேட்ட கேள்விக்கு நேரான பதில், முடக்கலாம். பிஎம்எல்ஏ, அதாவது பணச் சலவைத் தடுப்புச் சட்டம், அதோட 5வது பிரிவு குற்றம் பண்ணவன் சொத்தை மட்டும் பாக்கறது கிடையாது, குற்றத்துல வந்த பணம் எந்தக் கைல இருந்தாலும் அங்க போய் நிக்கும். உங்க மேல கேஸ் இருக்கணும்னு அவசியமே இல்ல. பணம் எதுவா மாறுச்சோ, பூமி, நகை, ஷேர், எல்லாத்தையும் துரத்திட்டே போகலாம், அதுதான் அந்தச் சட்டத்தோட உயிர்.

நடைமுறை இப்படித்தான். டெபுடி டைரக்டர் லெவல் அதிகாரி எழுத்துல காரணம் பதிவு பண்ணி முடக்குவார், அது 180 நாளைக்குச் செல்லும். 30 நாளுக்குள்ள டெல்லில இருக்கற தீர்ப்பளிக்கும் ஆணையத்துல அவங்க புகார் போடணும், அதுக்கு ஓசி நம்பர், அதாவது அந்தப் புகாரோட எண், விழும். ஆணையம் நோட்டீஸ் குடுத்து ரெண்டு பக்கமும் கேட்டு 180 நாளுக்குள்ள உறுதி பண்ணணும், பண்ணலன்னா முடக்கம் தானா விழுந்துரும். உங்களுக்கு ரெண்டு மாசந்தான் ஆச்சுன்னா இன்னும் நேரம் இருக்கு, 8(2) பிரிவுல நோட்டீஸ் வராத ஆளும் சொத்து என்னோடதுன்னு உள்ள வந்து பேசலாம். ஈடி சென்னை ஆபீசுக்கு லெட்டர் எழுதி முடக்க உத்தரவு காப்பியும் ஓசி நம்பரும் கேளுங்க. ஆணையம் உறுதி பண்ணிட்டா அதுக்கப்புறம் 45 நாள்ல மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம், அதுவும் டெல்லிதான், அதுக்கு மேல ஹைகோர்ட்.

இன்னொண்ணு, முடக்கம் வேற, பறிமுதல் வேற. முடக்குனா விக்கவோ அடமானம் வெக்கவோ முடியாது, ஆனா தற்காலிக முடக்கத்துல 5(4)படி அனுபவிக்கறதத் தடுக்க முடியாது. சொத்து அரசாங்கத்துக்குப் போறது கேஸ் முடிஞ்சு, பணச் சலவை நடந்துச்சுன்னு ஸ்பெஷல் கோர்ட் சொன்னதுக்கு அப்புறந்தான். அந்த முடிவுதான் வரவே மாட்டேங்குது, அதைப் பத்தி அப்புறம் எழுதறேன்.

பத்திரத்துல எவ்வளவு போட்டீங்க, நெஜமா எவ்வளவு குடுத்தீங்க? இங்க சொல்ல வேண்டாம்னா தனியா சொல்லுங்க.

நேர்கோடு:

பிரதருக்கு வருத்தமா இருக்கு, ஆனா இந்தச் சட்டம் இவ்வளவு கடுமையா இருக்கறதுதான் சரின்னு நான் நெனைக்கறேன். நம்ம ஊர்ல ஏமாத்தறவன் என்ன பண்றான், கேஸ் வர்றதுக்கு முன்னாடியே மச்சான் பேர்ல, டிரைவர் பேர்ல, மாமியார் பேர்ல எழுதி வெச்சிடறான், போலீஸ் போய்ப் பாத்தா அவன் பேர்ல ஒரு சைக்கிள்கூட இருக்காது. எல்லாரும் "நான் அப்பாவி, காசு குடுத்து வாங்கினேன்"னு வந்து நின்னா அதிகாரி எப்படிக் கண்டுபிடிப்பான்? மொதல்ல முடக்கு, அப்புறம் நிரூபின்னு சொல்றது தப்பே இல்ல.

ஓவர்லாக்_அக்கா:

என் பையன் டைப் பண்றான், நான் சொல்லச் சொல்ல. திருப்பூர்ல பனியன் கம்பெனில 19 வருஷம் ஓவர்லாக் மெஷின் ஓட்டினவ நானு. கண்ணு மங்கி வேலைய விட்டப்ப பிஎஃப் பணம் வந்துச்சு, அதுல 3 லட்சத்த இதே மாதிரி ஒரு ஆளுகிட்ட டெபாசிட் போட்டேன். தம்பி சொல்ற அந்த லேஅவுட் பேரு எனக்குத் தெரியும், அது எங்க கேஸுதான். ஏழு மாசம் வட்டின்னு அக்கவுண்ட்ல போட்டாங்க, அப்புறம் ஆபீஸ்ல ஷட்டர எறக்கிட்டாங்க.

தம்பி கோவிச்சுக்காதீங்க. நீங்க என் சைட்டு என் சைட்டுங்கறீங்க, அந்தப் பூமி எங்க காசுல வாங்கினதுங்க. எங்கள மாதிரி எத்தன பேரோட பிஎஃப், பொண்ணு கல்யாணத்துக்கு வெச்ச காசு, மாடு வித்த காசு. அதுல பூமி வாங்கி, கல்லு நட்டு, உங்களுக்கு வித்தாங்க. ஈடி முடக்கிருச்சுன்னு பேப்பர்ல வந்த அன்னிக்கித்தான் நான் சாமிக்குத் தேங்கா ஒடச்சேன், இனி எப்படியாச்சும் காசு வந்துரும்னு. நீங்க அதுல இருந்து ஒண்ணொண்ணா எடுத்துட்டுப் போனா எங்களுக்கு என்னங்க மிஞ்சும்?

ஒரு லட்சத்த ரொக்கமா கட்டினேன். அதுக்குக் குடுத்தது பஸ் டிக்கெட்டு மாதிரி மெல்லிசுக் காயிதம், எழுத்து மங்கிட்டே வந்துச்சு, அழிஞ்சு போயிருமேன்னு லேமினேசன் போடக் குடுத்தேன், மெசின்ல சூடு பட்டதும் முழுக்கக் கறுத்துப் போச்சுங்க. இப்ப கையில இருக்கறது ஒரு கறுப்பு அட்டை.

பெருந்துறை_சைட்:

அக்கா, உங்க பதில மூணு தடவ படிச்சேன். இது உங்க கேஸுதான்னு எனக்குத் தெரியாது, தெரிஞ்சிருந்தா போஸ்ட்டையே வேற மாதிரி எழுதியிருப்பேன். உங்க காசுல வாங்கின பூமின்னா அது உண்மைதான், நான் மறுக்கல. ஆனா நானும் சும்மா வாங்கலைங்க்கா. அம்மா நகைய வித்தேன், ஏலச்சீட்ட தள்ளி எடுத்தேன். அந்தக் காசும் அதே ஆளுகிட்டதான் போயிருக்கு.

வக்கீல் சார், வெளிப்படையாவே சொல்லிடறேன். சென்ட் 4 லட்சம், மொத்தம் 12. பத்திரத்துல கைட்லைன் வேல்யூ 5 லட்சம் போட்டாங்க, அத பேங்க்ல அனுப்பினேன். 7 லட்சம் ரொக்கம். ரசீது கெடையாது. எங்க ஊர்ல எல்லாரும் அப்படித்தான் பதியறாங்க, நானும் அதுல ஒண்ணும் யோசிக்கல.

பேங்க்_மேஜை:

பேங்க்ல கேஒய்சி, டிரான்சாக்ஷன் மானிட்டரிங் பாக்கற வேலைல இருக்கேன், ரொக்கம்னு வந்ததால சொல்றேன். பணத்தைச் சலவை பண்றதுல மூணு கட்டம் சொல்வாங்க, உள்ள நுழைக்கறது, சுத்த விடறது, வெள்ளையா வெளிய எடுக்கறது. நம்ம பக்கம் முதல் கட்டமும் மூணாவது கட்டமும் பெரும்பாலும் ஒரே எடத்துலதான் நடக்குது, அது பூமி. ஏன்னா பாதிப் பணம் பத்திரத்துக்கு வெளிய போறத யாரும் தப்பாவே நெனைக்கறதில்ல. அக்கா கட்டின ஒரு லட்சம் ரொக்கம், பிரதர் குடுத்த ஏழு லட்சம் ரொக்கம், ரெண்டுமே அந்த ஆளுக்கு எந்தத் தடயமும் இல்லாத காசு. நேர்மையா சம்பாதிச்ச காசுதான், ஆனா அவன் கைக்குப் போனதும் அது எங்க போச்சுன்னு யாராலயும் வரைஞ்சு காட்ட முடியாது.

பேங்க்ல 10 லட்சத்துக்கு மேல ரொக்கம் வந்தா மாசாமாசம் எஃப்ஐயூவுக்கு (நிதிப் புலனாய்வுப் பிரிவு) ரிப்போர்ட் போகும். அதுக்குப் பயந்து ஒரே மாசத்துல நாலு நாலு லட்சமா பிரிச்சுப் போட்டாலும் கூட்டிப் பாத்து அனுப்பணும். தொகை சின்னதா இருந்தாலும் சந்தேகம்னா தனி ரிப்போர்ட். நான் பாத்த ஒரு அக்கவுண்ட், தையல் கடைன்னு ஓபன் பண்ணது, மாசம் 15,000 ரூபா ஓடிட்டு இருந்தது திடீர்னு தெனம் முப்பது நாப்பது பேர்கிட்ட இருந்து பணம், சாயங்காலம் ஆனா ஒரே எடத்துக்கு மொத்தமா போயிரும், ராத்திரி பேலன்ஸ் 212 ரூபா நிக்கும். நாங்க ரிப்போர்ட் அனுப்பினோம். அனுப்பினதா கஸ்டமர்கிட்ட சொல்லக்கூடாது, சட்டம் அப்படி. ஆனா அந்த முப்பது பேருக்கும்தான் சொல்ல முடியல, அதுதான் மனசுல நிக்குது. ரிப்போர்ட் போறதுக்கும் ஒருத்தர் வந்து ஷட்டர மூடறதுக்கும் நடுவுல இன்னும் எத்தன பேர் பணம் போடறாங்களோ.

நேர்கோடு:

அக்கா எழுதினதப் பாத்ததும் என் கருத்து இன்னும் ஸ்ட்ராங் ஆயிருச்சு. இந்த மாதிரி ஆளுங்களுக்கு ஜாமீனே குடுக்கக்கூடாது. பிஎம்எல்ஏல ஜாமீனக் கஷ்டமாக்கற 45வது பிரிவ கொற சொல்றவங்க எல்லாம் இத படிக்கணும்.

வாய்தா_வக்கீல்:

நேர்கோடு சார், உங்க கோவம் எனக்குப் புரியுது, ஆனா ஜாமீன் குடுக்காததால அக்காவுக்கு ஒரு ரூபா வந்துச்சான்னு மட்டும் பாருங்க. 45வது பிரிவுல ரெட்டை நிபந்தனை இருக்கு, அரசு வக்கீல் எதிர்த்தா, இந்தாள் குத்தம் பண்ணலன்னு நம்ப காரணம் இருக்கு, வெளிய வந்தாலும் பண்ண மாட்டார்னு கோர்ட்டுக்குத் தோணணும். விசாரணை ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியே நிரபராதின்னு காட்டற மாதிரி. 2017 நவம்பர்ல நிகேஷ் ஷா கேஸ்ல சுப்ரீம் கோர்ட் இத ரத்து பண்ணுச்சு, 2018ல பார்லிமெண்ட் திருத்தி மறுபடி கொண்டு வந்துச்சு, 2022 ஜூலை 27 விஜய் மதன்லால் தீர்ப்புல மூணு ஜட்ஜ் பெஞ்ச் செல்லும்னு சொல்லிருச்சு. அதுக்கப்புறம் கோர்ட்டே கொஞ்சம் கொஞ்சமா தளர்த்திட்டு வருது. கைது பண்ணா காரணத்த எழுத்துல குடுக்கணும்னு 2023 அக்டோபர்ல பங்கஜ் பன்சல் கேஸ்ல சொன்னாங்க. நம்ம ஊர்ல செந்தில் பாலாஜி 2023 ஜூன் 14 கைதாகி 2024 செப்டம்பர் 26 ஜாமீன்ல வந்தார், 471 நாள். அவர் பண்ணாரா பண்ணலையாங்கறது என் பேச்சு இல்ல. போக்குவரத்துத் துறைல வேலைக்குன்னு காசு குடுத்ததா சொன்னவங்களுக்கு அந்த 471 நாள்ல என்ன கெடச்சது, அதுதான் என் கேள்வி.

கணக்கு ஒண்ணு சொல்றேன், 2022 ஜூலைல லோக்சபால அரசாங்கமே குடுத்த பதில். 2005ல சட்டம் அமலுக்கு வந்ததுல இருந்து 2022 மார்ச் வரைக்கும் 5,422 கேஸ். முடக்கினது ஒரு லட்சத்து நாலாயிரம் கோடிக்கு மேல. பறிமுதல் வரைக்கும் போனது சுமார் 869 கோடி. தண்டனை பெற்றவங்க 23 பேர். முடக்கினதுல நூத்துல ஒரு பங்குகூட முடிவுக்கு வரல, மீதி எல்லாம் நடுவுல தொங்குது. அக்கா மாதிரி, சைட்டுத் தம்பி மாதிரி ஆளுங்க எல்லாம் அந்தத் தொங்கற எடத்துலதான் நிக்கறாங்க. பேப்பர்ல தலைப்பு வர்றது முடக்கற அன்னிக்கி மட்டும்.

நேர்கோடு:

நீங்க பழைய கணக்கு சொல்றீங்க சார். 2024 டிசம்பர்ல நிதியமைச்சர் லோக்சபால சொன்னது, திருப்பிக் குடுத்த சொத்து மட்டும் 22,280 கோடி. மல்லையா சொத்துல இருந்து மட்டும் 14,131 கோடி பொதுத்துறை பேங்குகளுக்குப் போயிருக்கு. நீரவ் மோடி கேஸ்ல 1,052 கோடி. சட்டம் வேலை செய்யலன்னு எப்படிச் சொல்றது?

வாய்தா_வக்கீல்:

சரியான பாயிண்ட், நான் மறுக்கல, அத சேத்துதான் சொல்லியிருக்கணும். ஆனா அந்தப் பட்டியல்ல யாருக்குப் போச்சுன்னு பாருங்க. பெரும்பகுதி பேங்குகளுக்கு. பேங்குக்கு சட்டத்துறை இருக்கு, டெல்லில சீனியர் வக்கீல் இருக்கார், ஆளுக்கு ஆயிரம் கோடி கேட்டு மனு போட முடியும். ஓவர்லாக் ஓட்டின அக்கா டெல்லில மனு போடுவாங்களா? அதே வேகம் சின்ன டெபாசிட்தாரர் பக்கமும் வரணும்னுதான் சொல்றேன். வழி சட்டத்துல ஏற்கனவே இருக்கு. பிஎம்எல்ஏ 8(8)ல 2018ல ஒரு விதி சேத்தாங்க, கேஸ் முடியற வரைக்கும் காத்திருக்க வேண்டாம், விசாரணை நடக்கும்போதே நஷ்டப்பட்டவங்களுக்குத் திருப்பிக் குடுக்கறத ஸ்பெஷல் கோர்ட் பரிசீலிக்கலாம். மல்லையா சொத்து பேங்குக்குப் போனதும் கேஸ் முடிஞ்சு இல்ல, அந்த மாதிரி இடைப்பட்ட வழிலதான். புது குற்றவியல் நடைமுறைச் சட்டம் பிஎன்எஸ்எஸ்ல 107வது பிரிவு இருக்கு, 2024 ஜூலை 1ல இருந்து. அதுல கோர்ட் சொன்னா கலெக்டர் 60 நாள்ல பாதிக்கப்பட்டவங்களுக்குப் பங்கு பிரிச்சுக் குடுக்கணும்.

தவிர நம்மகிட்ட 1997லயே தனிச் சட்டம் வந்தாச்சு, டிஎன்பிஐடி, டெபாசிட்தாரர் நலன் பாதுகாப்புச் சட்டம். தொண்ணூறுகள்ல பைனான்ஸ் கம்பெனிங்க வரிசையா மூடினப்ப கொண்டு வந்தது, 2011ல பாஸ்கரன் கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டும் செல்லும்னு சொல்லிருச்சு. அதுல முடக்கறது டெல்லி இல்ல, நம்ம அரசாங்கம், டிஆர்ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்) கைல சொத்து, கோயமுத்தூர்லயே ஸ்பெஷல் கோர்ட், ஏலம் விட்டு எல்லாருக்கும் விகிதப்படி பங்கு. ஒரே சொத்துல ஈடியும் டிஆர்ஓவும் ரெண்டு பேரும் கை வெச்சா யார் முதல்லன்னு ஒரு இழுபறி நடக்கும், பல கேஸ்ல தாமதமே அங்கதான்.

கொலுசுப்பட்டறை:

சேலம் செவ்வாய்ப்பேட்டைல வெள்ளிக் கொலுசு வேலை. எனக்கு நடந்தது சின்ன விஷயம் ஆனா சொல்றேன். எங்க அக்கவுண்டுக்கு ஒருத்தர் ஜிபேல 4,200 ரூபா அனுப்பி ஒரு ஜோடி கொலுசு வாங்கிட்டுப் போனார். அந்தக் காசு எங்கயோ வடக்க ஒருத்தர ஏமாத்தி எடுத்ததாம், நாலஞ்சு அக்கவுண்ட் தாண்டி என்கிட்ட வந்திருக்கு. அந்த ஊர் சைபர் போலீஸ் மெயில் அனுப்ப, பேங்க்ல மொத்த அக்கவுண்டையும் முடக்கிட்டாங்க, உள்ள 3 லட்சத்து சொச்சம், பட்டறைல ஆறு பேருக்கு வாரக்கூலி குடுக்கணும். பேங்க்ல கேட்டா போலீஸ கேளுங்கறாங்க, அந்த ஊர் ஸ்டேஷன் நம்பருக்குப் போன் பண்ணா நமக்கு இந்தி வராது அவங்களுக்குத் தமிழ் வராது. 41 நாள். 4,200 ரூபாய மட்டும் புடிச்சு வெச்சிருந்தா நான் ஒரு வார்த்த பேசியிருக்க மாட்டேன்.

வாய்தா_வக்கீல்:

உங்களுது பிஎம்எல்ஏ இல்ல, போலீஸ் பவர், பழைய சிஆர்பிசி 102, இப்ப பிஎன்எஸ்எஸ் 106. 2024ல மெட்ராஸ் ஹைகோர்ட்டே சொல்லியிருக்கு, எவ்வளவு தொகை, எவ்வளவு காலம்னு சொல்லாம மொத்த அக்கவுண்டையும் முடக்கறது தப்புன்னு. அடுத்த தடவ யாருக்காச்சும் நடந்தா அந்தத் தீர்ப்பக் காட்டச் சொல்லுங்க.

பலர்மோ_தமிழன்:

வணக்கம். நான் யாழ்ப்பாணம், இப்ப இருவது வருசத்துக்கு மேல இத்தாலியில, சிசிலில பலர்மோவில இருக்கிறன். இஞ்ச எங்கட ஆக்கள் கனபேர் இருக்கினம், பல்லாரோ சந்தைப் பக்கம் வந்தா தமிழ்க் கதை கேக்கும். இந்தப் பிரச்சினை இந்த ஊருக்குப் பழசு, அதால ஒரு விசயம் சொல்லவேணும் எண்டு நினைச்சன்.

மாஃபியாக்காரரின்ர சொத்தைப் பறிக்கவேணும், அவையளுக்கு ஜெயில் பெரிசில்லை, சொத்துப் போறதுதான் நோகும் எண்டு முதல்ல சொன்ன ஆள் பியோ லா தோர்ரே எண்ட எம்பி. 1982 ஏப்ரல் 30 இந்தப் பலர்மோவிலயே காருக்குள்ள வைச்சுச் சுட்டுப்போட்டாங்கள். செப்டெம்பர் 3 மாஃபியாவை அடக்க அனுப்பின ஜெனரல் தல்லா கியேசாவையும் சுட்டாங்கள், பிறகு பத்து நாளிலதான் அந்தச் சட்டம் பாஸ் ஆனது. தண்டனை கிடைக்காட்டிலும், வருமானத்துக்கும் சொத்துக்கும் கணக்குக் காட்டேலாட்டிப் பறிக்கலாம் எண்டது. ஆனா பறிச்ச வீடுகள் பூட்டிக் கிடந்து பாசி பிடிச்சுது, ஆரும் ஏலத்தில எடுக்கப் பயம். பிறகு லிபேரா எண்ட அமைப்பு பத்து லச்சம் கையெழுத்துச் சேர்த்து, 1996ல 109ம் இலக்கச் சட்டம் வந்தது, பறிச்ச சொத்து சனத்துக்குப் பயன்படவேணும் எண்டு. கொர்லியோனே எண்ட ஊர்ப் பக்கம் அந்தக் காணியளில கூட்டுறவுக்காரர் கோதுமை விதைச்சு பாஸ்தா செய்யினம், பாக்கெட்டில மாஃபியாட்ட இருந்து மீட்ட நிலத்தில விளைஞ்சது எண்டு எழுதியிருக்கும். எங்கட வீட்டிலயும் வாங்கிறனாங்கள். எல்லாம் அப்பிடி நடந்துபோட்டுது எண்டு சொல்லேல்லை, இப்பவும் கன வீடுகள் பூட்டித்தான் கிடக்கு. ஆனா பறிச்ச சொத்து ஆருக்குப் போகுது எண்டது சனத்துக்குக் கண்ணுக்குத் தெரியுது, அதுதான் வித்தியாசம்.

எங்கட நாட்டிலயும் 2025ல குற்றச் செயல்களின் வரும்படிக்கு எண்டு தனிச் சட்டம், 5ம் இலக்கம், நிறைவேற்றியிருக்கினம். எப்பிடி நடத்துவினமோ பாப்பம்.

ஓவர்லாக்_அக்கா:

அந்த ஊர்லயாவது பாஸ்தா வருதுங்க. எங்களுக்குப் பேப்பர்ல செய்தி மட்டுந்தான் வருது.

வாய்தா_வக்கீல்:

பலர்மோ அண்ணனுக்கு நன்றி. இப்ப தம்பி கேஸுக்கு வர்றேன்.

தம்பி, உங்க வாதம் ரெண்டு கால்ல நிக்கணும். ஒண்ணு, வாங்கினப்ப உங்களுக்குத் தெரியாது. ரெண்டு, நியாயமான விலை குடுத்தீங்க. 2019 ஏப்ரல்ல டெல்லி ஹைகோர்ட் ஆக்சிஸ் பேங்க் சம்பந்தப்பட்ட கேஸ்ல இதத்தான் பேசுச்சு, நல்லெண்ணத்துல, சட்டப்படி விலை குடுத்து, தேவையான விசாரணை எல்லாம் பண்ணி வாங்கின மூணாவது ஆளோட உரிமைய ஒதுக்கிட முடியாதுன்னு. வில்லங்கம் போட்டது, ஒப்பீனியன் வாங்கினது, டிடிசிபி பேப்பர், எல்லாம் முதல் காலுக்கு நல்ல சாட்சி. எஃப்ஐஆரே 2020லதான், நீங்க வாங்கினது 2019, அதுவும் உங்க பக்கம்.

ரெண்டாவது கால் ஆடுது. பத்திரப்படி நீங்க 12 லட்ச ரூபா சொத்த 5 லட்சத்துக்கு வாங்கியிருக்கீங்க. இத வெச்சே, இது நியாய விலை இல்ல, சும்மா பேருக்கு எழுதின கிரயம்னு எதிர்த்தரப்பு சொல்லும். நூத்துக்கணக்கான பேர் இதுலதான் தோக்கறாங்க, நேர்மையா குடுத்த காசு கணக்குல இல்லாததால. நான் இத்தன வருஷமா பத்திர ஆபீஸ் வாசல்ல நின்னு சொல்லிட்டு இருக்கேன், அன்னிக்கி முத்திரைத்தாள்ல மிச்சம் புடிச்ச காசு சொத்துக்குக் காவலா இருந்திருக்கும்.

ஆனா பொய் மட்டும் சொல்லிடாதீங்க. ஈடி 50வது பிரிவுல கூப்ட்டா நீங்க சொல்றது சத்தியப் பிரமாண வாக்குமூலம் மாதிரி, போலீஸ்ல சொல்றது மாதிரி கிடையாது, கோர்ட்ல அப்படியே சாட்சியா வரும், பொய்யின்னா அதுவே தனிக் குத்தம். 7 லட்சம் ரொக்கம் குடுத்தேன்னு சொல்லுங்க. பூமிக்கு 20,000 ரூபாயோ அதுக்கு மேலயோ ரொக்கமா வாங்கக்கூடாதுன்னு நீங்க வாங்கினப்ப இருந்த வருமான வரிச் சட்டத்துல 269எஸ்எஸ் பிரிவு சொல்லுச்சு, அபராதம் வாங்கினவனுக்குத்தான். நீங்க காட்ட வேண்டியது காசு எங்க இருந்து வந்துச்சுன்னு. நகை வித்த பில், சீட்டு எடுத்த பாஸ்புக், அந்த வாரத்துல பேங்க்ல எடுத்த என்ட்ரி, மூணையும் தேதி வாரியா கோத்துக் குடுங்க.

கடைசியா ஒரு வாதம், இது அக்காவுக்கும் சேத்துத்தான். பூமிய அந்தாள் வித்துட்டப்ப அக்காவோட காசு பூமில இருந்து எழும்பி தம்பியோட 12 லட்சமா மாறி அவன் கைக்குப் போயிருச்சு. அந்த 12 லட்சம் எங்க? அந்த லேஅவுட்ல வித்த ஒவ்வொரு சைட்டுக்கும் அந்தக் கேள்வி இருக்கு. பூமி ஓடிப் போகாது, சர்வே நம்பரோட அங்கயே இருக்கும், அதனால அத முடக்கறது சுலபம். வித்த காசத் தேடறதுதான் கஷ்டம், அத தேடினாதான் அக்காவுக்கும் கெடைக்கும் தம்பிக்கும் சைட்டு நிக்கும். நீங்க ரெண்டு பேரும் எதிரெதிரா மனு போட்டா அந்தக் கேள்விய யாரும் கேக்க மாட்டாங்க.

அக்கா, கறுத்துப்போன ரசீதப் பத்திக் கவலைப்படாதீங்க, ஆனா தூக்கியும் போட்றாதீங்க. கம்பெனி சர்வரையும் லெட்ஜரையும் பொருளாதாரக் குற்றப் பிரிவு எடுத்திருப்பாங்க, அதுல உங்க கஸ்டமர் நம்பர் இருக்கும். ஏழு மாசம் வட்டி வந்துச்சே, எத்தன ரூபா வந்துச்சு? 3 லட்சத்துக்கான வட்டி வந்திருந்தா அந்த ரொக்க ஒரு லட்சமும் அதுக்குள்ள இருக்குன்னு உங்க பாஸ்புக்கே சாட்சி.

நேர்கோடு:

வட்டிய வெச்சு அசல நிரூபிக்கறது, இத நான் யோசிக்கவே இல்ல சார். ஜாமீன் விஷயத்துல என் கருத்து மாறல, ஆனா வித்த காச ஏன் தேடலன்னு கேட்டதுக்கு என்கிட்ட பதில் இல்ல.

பெருந்துறை_சைட்:

அஞ்சு நாள் கழிச்சு எழுதறேன். ஈடிக்கு ரிஜிஸ்டர் தபால்லயும் மெயில்லயும் லெட்டர் அனுப்பிட்டேன், ஓசி நம்பர் வந்துருச்சு, ஆணையத்துல ஹியரிங் இன்னும் ஆரம்பிக்கல. அதுல உள்ள வர மனு ரெடி ஆயிட்டு இருக்கு.

நகைக்கடை பில் கெடைக்கல, ஆனா அம்மா பீரோல சீட்டுப் பாஸ்புக் இருந்துச்சு, தள்ளி எடுத்த தேதி, தொகை, எல்லாம் முத்திரையோட. அது கைக்கு வந்து நாலாவது நாள் கிரயம் பண்ணியிருக்கோம். அம்மா அந்தப் பாஸ்புக்க சேலைக்கு நடுவுல வெச்சு எடுத்துக் குடுத்தாங்க, ஏன்டா இதுக்கெல்லாமா இப்ப கணக்கு கேக்கறாங்கன்னாங்க. என்ன சொல்றதுன்னு தெரியல.

அதே லேஅவுட்ல வாங்கின இன்னும் பதினோரு பேர கண்டுபிடிச்சிருக்கேன். எல்லாரும் எவ்வளவு ரொக்கம் குடுத்தோம்னு ஒரு பேப்பர்ல எழுதினோம், கூட்டினா 80 லட்சத்துக்கு மேல வருது. அந்தத் தாள மனுவோட சேக்கச் சொல்லியிருக்கேன். அக்கா, அது உங்க காசு எங்க போச்சுன்னு தேடறதுக்கும் உதவும்னு நெனைக்கறேன். உங்களுக்கும் ஒரு காப்பி வேணுமா?

ஓவர்லாக்_அக்கா:

வேணுந்தம்பி, குடுங்க. வக்கீல் சார் சொன்ன மாதிரி பையன் பாஸ்புக்க பிரிண்ட் எடுத்துப் பாத்தான், மாசம் 9,000 வந்திருக்கு, 100க்கு 3 ரூபா வட்டின்னு சொன்னாங்க, அப்பக் கணக்கு 3 லட்சத்துக்குச் சரியா வருது. அதக் கொண்டுபோய் ஆபீசர்கிட்ட குடுத்தோம், வாங்கி வெச்சுக்கிட்டாரு, சீல் போட்டுக் குடுங்கன்னு கேட்டு வாங்கிட்டு வந்தான்.

வர்ற திங்கக்கெழம கோயமுத்தூர் கோர்ட்டுல எங்க கேஸு வாய்தா, பத்தரைக்கெல்லாம் அங்க இருப்போம், திருப்பூர்ல இருந்து இருவத்தி ரெண்டு பேர் வர்றோம். டிஆர்ஓ ஆபீசுல இருந்து சொத்துப் பட்டியல் தாக்கல் பண்றாங்களாம். நீங்களும் அந்தத் தாளோட வாங்க தம்பி, உங்க சர்வே நம்பர் அதுல இருக்குதா இல்லையான்னு ஒண்ணா நின்னு பாத்துக்குவோம்.